குடவோலையும் காசநோயும்



வேங்கிக்கால் ஏரிக்கரையில் மாலை வேளையில் நடப்போருக்கு அண்ணாமலையின் முகடு தெளிவாகத் தெரியும். ஆட்சியர் அலுவலகத்திற்கு மனுவோடு வந்தவர்கள் பேருந்தை எதிர்நோக்கிச் சாலையோரம் நிற்பார்கள். சென்ற தவக்காலத்தில் அப்படிப்பட்ட ஒரு மாலையில், தாய் ஒருவர் என்னைத் தேடி வந்தார். அவருடைய மகனுக்குச் சளிப் பரிசோதனையில் காசநோய் என்று தெரிய வந்திருந்தது. "சாமி, அவனை எங்கேயாவது தூரத்து ஆஸ்பத்திரியில சேர்த்துவிடுங்க. எங்க பெரியப்பா அப்படிப் போய்த்தான் பிழைச்சு வந்தார். பக்கத்து வீட்டுக்காரர் வீட்டிலேயே மாத்திரை சாப்பிட்டார், போய்ச் சேர்ந்துட்டார். ரெண்டையும் நான் கண்ணாலே பார்த்திருக்கேன்" என்றார்.

கண்ணால் பார்த்தேன் என்று சொல்பவரிடம் மறுமொழி கூறுவது எளிதன்று. ஆயினும் அந்தத் தாயின் சொற்கள், நான் மறக்க விரும்பிய ஒரு நிகழ்ச்சியை நினைவூட்டின.

குருப்பட்டம் பெற்ற புதிதில் நான் வேறொரு பங்கில் துணைப் பணியாளராக இருந்தேன். அங்கே கல்லுடைக்கும் தொழிலாளி ஒருவருக்கு இதே நோய் கண்டது. தொலைவிலிருந்த ஒரு சானடோரியத்தில் அவரைச் சேர்ப்பதே இரக்கச் செயல் என்று நான் முடிவு செய்தேன். "இங்கேயே மருந்து வாங்கிக் கொடுத்தா நான் பார்த்துக்கறேன் சாமி" என்று அவருடைய மனைவி மன்றாடினார். நான் செவிசாய்க்கவில்லை. இரண்டு மாதங்கள் கழிந்தபின், பிள்ளைகளின் நினைவைத் தாங்க இயலாமல் அவர் எவரிடமும் சொல்லாமல் ஊர் திரும்பினார். அதற்குள் மூத்த மகள் பள்ளியை விட்டுக் கூலி வேலைக்குப் போயிருந்தாள். இடையில் நின்ற மருந்து மீண்டும் முறையாகத் தொடரவில்லை. மறு ஆண்டு அவரை நானே அடக்கம் செய்தேன்.

பின்னர்தான் ஒரு செய்தியை அறிந்தேன். நான் எதைப் பற்றித் தவறாக முடிவெடுத்தேனோ, அதே கேள்விக்கு நம் சென்னை மாநகரிலேயே, அதற்கு 40 ஆண்டுகளுக்கு முன்பே, ஐயத்திற்கு இடமில்லாத வகையில் விடை காணப்பட்டிருந்தது. அந்த வரலாற்றை வாசகர்களோடு பகிர்ந்துகொள்வது என் கடன் எனக் கருதுகிறேன்.

காற்றும் ஓய்வும் உணவும்

1882-ஆம் ஆண்டு ராபர்ட் காக் காசநோய்க் கிருமியைக் கண்டறிந்து உலகிற்கு அறிவித்தார். எதிரி யார் என்று தெரிந்துவிட்டது. ஆனால் அவனை வெல்லும் மருந்து, அதன்பின் 60 ஆண்டுகளுக்கு மேல் கிட்டவில்லை. அக்காலம் முழுவதும் மருத்துவ உலகம் நம்பியிருந்தது தூய காற்று, முழு ஓய்வு, சத்தான உணவு ஆகிய மூன்றையுமே. ஐரோப்பாவில் 19-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் தோன்றிய சானடோரியங்கள் இந்த நம்பிக்கையின் கோயில்களாக விளங்கின.

நம் நாட்டிலும் அவை எழுந்தன. மதனப்பள்ளிக்கு அருகே ஆரோக்கியவரத்தில் பல மறைபரப்புச் சபைகள் ஒன்றிணைந்து 1915-இல் ஒரு சானடோரியத்தை நிறுவின. 1928-இல் மருத்துவர் சவுரிமுத்து தாம்பரத்தில் ஒன்றைத் தொடங்கினார். இன்றும் சென்னை மின்தொடர்வண்டியில் செல்வோர் 'தாம்பரம் சானடோரியம்' என்னும் நிலையத்தைக் கடந்தே செல்கின்றனர்.

சானடோரியத்திற்குச் சென்றவர்களில் பலர் எடை கூடி, இருமல் குறைந்து, முகம் தெளிந்து திரும்பினர். வீட்டிலேயே கிடந்தவர்களில் பலர் இறந்தனர். இதைக் கண்ட மருத்துவர்கள் பொய் சொல்லவில்லை, கண்டதையே சொன்னார்கள். நிகழ்வதை நிகழ்ந்தபடியே பார்த்துக் குறித்து, ஒப்பிட்டு, முடிவு காணும் இம்முறையை உற்றுநோக்கல் ஆய்வு என்பர். பெரியப்பாவையும் பக்கத்து வீட்டுக்காரரையும் ஒப்பிட்ட வேங்கிக்கால் தாயும் அதையேதான் செய்தார்.

இதில் குறை எங்கே உள்ளது? சானடோரியத்திற்குச் சென்றவர் யார், செல்லாதவர் யார் என்று கேட்டால் குறை புலப்படும். பொதுவாக, நோய் முற்றாத நிலையில் இருந்தவர்களையே, குணமாகும் நம்பிக்கை உள்ளவர்களையே, சானடோரியங்கள் விரும்பிச் சேர்த்துக்கொண்டன. பல மாதங்கள் வேலையை விட்டிருக்க வசதி படைத்தவர்களே அங்குத் தங்க முடிந்தது. நோய் முற்றியவரும் வறியவரும் வீட்டில் கிடந்தனர். ஆகவே முன்னவர் பிழைத்ததற்குக் காரணம் சானடோரியமா, அல்லது அவர்கள் தொடக்கத்திலேயே பிழைக்கும் நிலையில் இருந்ததா? பார்ப்பதால் மட்டும் இதைப் பிரித்தறிய இயலாது. சமமற்ற இரு கூட்டத்தாரை ஒப்பிட்டால், எத்தனை ஆயிரம் பேரைப் பார்த்தாலும் அதே மயக்கம் பெரிதாகுமே ஒழியத் தெளியாது.

பானையில் இட்ட ஓலை

தானியேல் நூலின் முதல் அதிகாரம் நமக்குத் தெரிந்ததே. அரசவை உணவை மறுத்த நான்கு இளைஞர்களுக்குப் பத்து நாள் மரக்கறியும் தண்ணீரும் கொடுத்து, அரச உணவை உண்ட இளைஞர்களோடு ஒப்பிட்டுப் பார்த்தனர். மருத்துவச் சோதனைகளின் வரலாற்றை எழுதுவோர் பலர் இந்நிகழ்ச்சியிலிருந்தே தொடங்குவதுண்டு. விசுவாசக் கண்ணோடு படிக்கும் நமக்கு அதன் பொருள் வேறு. ஆனால் ஆய்வு என்ற அளவில் நோக்கினால், அங்கும் ஒரு குறை உண்டு: எந்த உணவை யார் உண்பது என்பதை அவரவர் விருப்பமே தீர்மானித்தது.

விருப்பத்தை விலக்க என்ன வழி? தமிழருக்கு இது புதிதன்று. உத்திரமேரூர்க் கல்வெட்டுகள் முதலாம் பராந்தகன் காலத்தில், 10-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், ஊர் வாரியங்களுக்கு உறுப்பினரைத் தேர்ந்த முறையைக் கூறுகின்றன. தகுதியுடையோரின் பெயர்களை ஓலையில் எழுதிக் குடத்தில் இட்டுக் குலுக்கி, ஏதுமறியாச் சிறுவன் ஒருவனைக் கொண்டு எடுக்கச் செய்தனர். செல்வாக்கோ உறவோ அந்தச் சிறுவனின் கையை இழுக்க முடியாது. அதுவே குடவோலையின் நோக்கம்.

இதே எண்ணம் மருத்துவத்தில் முழு வடிவம் பெற்றது 1940-களில், இங்கிலாந்தில். ஸ்ட்ரெப்டோமைசின் என்னும் மருந்து 1943-இல் அமெரிக்காவில் கண்டறியப்பட்டிருந்தது. போரால் நொடித்திருந்த இங்கிலாந்துக்கு மிகச் சிறிதளவே அது கிடைத்தது. எல்லாருக்கும் தர மருந்தில்லாத அந்நிலையில், ஆஸ்டின் பிராட்ஃபோர்டு ஹில் என்ற புள்ளியியல் அறிஞர் ஒரு வழி கூறினார். நோயாளிகளுள் யாருக்கு மருந்து, யாருக்குப் படுக்கை ஓய்வு மட்டும் என்பதை மருத்துவர் தேர்ந்தெடுக்கலாகாது. முத்திரையிட்ட உறைக்குள் உள்ள சீட்டே அதைத் தீர்மானிக்க வேண்டும் என்றார். அவ்வாறு 107 நோயாளிகள் பிரிக்கப்பட்டனர். ஆறு மாத முடிவில் மருந்து பெற்ற 55 பேரில் 4 பேரும், பெறாத 52 பேரில் 14 பேரும் இறந்திருந்தனர். 1948-இல் இம்முடிவு வெளியாயிற்று. இதுவே சமவாய்ப்பு முறைச் சோதனை எனப்படுவது.

சீட்டின் ஆற்றல் எதில் உள்ளது? வயது, நோயின் கடுமை போன்றவற்றை மருத்துவரே பார்த்துச் சமமாகப் பிரிக்கலாம். ஆனால் ஒருவருடைய மனவுறுதி, வீட்டுக் கவலை, பிறவியிலேயே அமைந்த உடல் வலிமை ஆகியவற்றை எவர் அளப்பார்? போதிய எண்ணிக்கையினரைச் சீட்டுப் போட்டுப் பிரித்தால், நாம் அறிந்தவை மட்டுமன்றி அறியாதவையும் இரு புறமும் ஏறத்தாழ ஒத்த அளவில் பரவி நிற்கும். அதன்பின் இரு கூட்டத்திற்கும் பெரிய வேறுபாடு தோன்றினால், அது மருந்தினாலேயே என்று துணிந்து கூறலாம்.

சென்னையில் நடந்தது

1950-களில் இந்தியாவில் காசநோயாளிகள் இலட்சக்கணக்கில் இருந்தனர். சானடோரியப் படுக்கைகளோ ஆயிரக்கணக்கிலேயே இருந்தன. 1952 முதல் ஐசோனியசிட் என்ற மலிவான மாத்திரை வழக்கிற்கு வந்தது. இதை வீட்டிலிருந்தே உட்கொள்ளலாமா? நெரிசலான குடிசையில், அரை வயிற்று உணவோடு வாழும் ஏழைக்கு மருந்து பயன்படுமா? அவன் குடும்பத்தாருக்கு நோய் தொற்றாதா? இக்கேள்விகளுக்கு விடைகாண 1956-இல் சென்னையில் காசநோய் வேதிச் சிகிச்சை மையம் நிறுவப்பட்டது. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் குழு, சென்னை மாநில அரசு, உலக நலவாழ்வு நிறுவனம், பிரிட்டிஷ் மருத்துவ ஆராய்ச்சிக் குழு ஆகியவை அதில் கைகோத்தன. வாலஸ் ஃபாக்ஸ் என்ற ஆங்கில மருத்துவர் முதல் இயக்குநரானார். இன்று தேசியக் காசநோய் ஆராய்ச்சி நிறுவனம் என்ற பெயரோடு சேத்துப்பட்டில் இயங்குவது இதுவே.

சென்னையின் ஏழை மக்களிடையே கண்டறியப்பட்ட நோயாளிகளைச் சீட்டு முறையில் இரண்டாகப் பிரித்தனர். ஒரு பிரிவினர் தாம்பரம் சானடோரியத்தில் சேர்க்கப்பட்டனர். மறு பிரிவினர் தம் வீட்டிலேயே இருந்து, வாரந்தோறும் மையத்திற்கு வந்து மருந்து பெற்றுச் சென்றனர். இரு பிரிவினருக்கும் ஓராண்டுக்கு ஒரே மருந்துகளே. வீட்டிலிருந்தவர்கள் மாத்திரையை உண்மையில் விழுங்கினார்களா என்று அறிய, முன்னறிவிப்பின்றி வீட்டிற்குச் சென்று மாத்திரைகளை எண்ணினர், சிறுநீரையும் சோதித்தனர்.

1959-இல் முடிவு வெளியாயிற்று. சானடோரியத்தில் இருந்தோரில் நூற்றுக்கு 92 பேருக்கும், வீட்டில் இருந்தோரில் நூற்றுக்கு 86 பேருக்கும் ஓராண்டு முடிவில் நோய் அடங்கியிருந்தது. ஆய்வுக்குட்பட்டோரின் எண்ணிக்கையை நோக்க இது மிகச் சிறிய வேறுபாடே. வீட்டிலிருந்தோர் குறைவாக உண்டனர், குறைவாக ஓய்வெடுத்தனர், நெரிசலில் உறங்கினர். ஆயினும் மருந்து தன் வேலையைச் செய்தது. ஐந்து ஆண்டுகள் தொடர்ந்து கண்காணித்தும், வீட்டில் சிகிச்சை பெற்றோரின் குடும்பத்தார் கூடுதலாக நோயுற்றதாகக் காணப்படவில்லை. மருந்து தொடங்கியபின் தொற்றும் தன்மை விரைவில் குறைகிறது. குடும்பத்தாருக்குத் தொற்ற வேண்டியது பெரும்பாலும் நோய் கண்டறியப்படுவதற்கு முன்பே தொற்றிவிடுகிறது.

நூறாண்டு நம்பிக்கை ஒன்று, குடிசைவாழ் மக்களின் சான்றால் ஆட்டம் கண்டது. 1962-இல் தொடங்கிய தேசியக் காசநோய்த் திட்டம் வீட்டுச் சிகிச்சையையே அடிப்படையாகக் கொண்டது. உலக நாடுகள் பலவும் இவ்வழியைப் பின்பற்றின. தந்தை குடும்பத்தை விட்டுப் பிரிய வேண்டியதில்லை, தாய் கைக்குழந்தையை விட்டுச் செல்ல வேண்டியதில்லை என்பதே இதன் பொருள். நான்தான் இதை அறியாதிருந்தேன்.

மனிதரைச் சீட்டில் வைக்கலாமா?

இங்கே ஓர் அறநெறிக் கேள்வி எழுகிறது. இறைச்சாயலில் படைக்கப்பட்ட மனிதனின் நலத்தைக் குலுக்கலுக்கு விடுவது முறையா?

இரண்டில் எது நல்லது என்று தெரிந்திருந்தால், அது பெரும் பாவமே. தெரிந்த நன்மையை ஒருவருக்குக் கொடுத்து மற்றவருக்கு மறுக்கும் உரிமை ஆய்வாளருக்கு இல்லை. ஆனால் எது நல்லது என்பது உண்மையிலேயே தெரியாத நிலையில், தெரிந்ததுபோல் நடிப்பதும் குற்றமே. கல்லுடைக்கும் அத்தொழிலாளியை நான் அனுப்பியபோது சீட்டுப் போடவில்லை. என் உறுதியை நம்பினேன். எதிர்ப்பேச்சுக்கு இடமற்ற அந்த உறுதியே அவருக்குத் தீங்காயிற்று. ஆகவே உண்மையான ஐயம், நோயாளியின் விளக்கமான ஒப்புதல், சோதனை முடிந்ததும் நன்மையை அனைவருக்கும் வழங்கும் கடமை ஆகிய மூன்றும் இருந்தால்தான் சீட்டு நேர்மையானது. யூதாசின் இடத்திற்கு மத்தியாவைத் தேர்ந்தபோதும், திருத்தூதர்கள் முதலில் தகுதியுள்ள இருவரை நிறுத்தி, இறைவனிடம் மன்றாடிய பிறகே சீட்டுப் போட்டனர் என்பதை நினைவில் கொள்வோம்.

சீட்டு நம் விருப்பத்திற்கு இசைந்த விடையையே தரும் என்பதுமில்லை. பி.சி.ஜி. தடுப்பூசியின் வரலாறு இதற்குச் சான்று. 1921-இல் பிரான்சில் முதன்முதலாக மனிதருக்குக் கொடுக்கப்பட்ட இவ்வூசி, 1948 முதல் இந்தியாவில் பரவலாகப் போடப்பட்டது. கிண்டியில் அதற்கென ஓர் ஆய்வகமும் எழுந்தது. 1955-இல் இராஜாஜி இதைக் கடுமையாக எதிர்த்து நூலே எழுதினார். நடுவண் நலவாழ்வு அமைச்சராயிருந்த கிறிஸ்தவப் பெண்மணி இராஜகுமாரி அம்ரித் கௌர் இத்திட்டத்தை உறுதியோடு நடத்தினார். இரு தரப்பிலும் நல்ல உள்ளம் இருந்தது. நம் மண்ணில் நடந்த சோதனை மட்டும் இல்லை.

அச்சோதனை 1968-இல் செங்கல்பட்டு மாவட்டத்தில் தொடங்கியது. இரண்டரை இலட்சத்திற்கும் மேற்பட்ட மக்களுக்குச் சீட்டு முறையில் சிலருக்குத் தடுப்பூசியும் சிலருக்கு மருந்தற்ற ஊசியும் போடப்பட்டன. போட்டவருக்கும் போட்டுக்கொண்டவருக்கும் எது எது என்று தெரியாது. பிரிட்டனில் பள்ளி மாணவரிடையே நடந்த சோதனை ஐந்தில் நான்கு பங்கு பாதுகாப்பைக் காட்டியிருந்ததால், இங்கும் அத்தகைய விடையையே பலர் எதிர்பார்த்தனர். ஆனால் ஏழரை ஆண்டு முடிவிலும், 1999-இல் வெளியான 15 ஆண்டு முடிவிலும், பெரியவர்களுக்கு நுரையீரல் காசநோயிலிருந்து இவ்வூசி பாதுகாப்பு அளித்ததாகத் தெரியவில்லை. கசப்பான இம்முடிவை ஆய்வாளர்கள் மறைக்காமல் வெளியிட்டனர். அந்த நேர்மைக்காக அவர்களை வணங்கலாம்.

பார்ப்பதன் பெருமை

அப்படியானால் உற்றுநோக்கல் பயனற்றதா? இல்லை. பச்சிளங் குழந்தைகளைத் தாக்கும் காசநோய் மூளைக்காய்ச்சலைப் பற்றிக் கூறுவதற்காகச் செங்கல்பட்டுச் சோதனை அமைக்கப்படவில்லை. அக்கொடிய நோயுற்ற குழந்தைகளையும் நலமான குழந்தைகளையும் ஒப்பிட்டு, யார் முன்பே ஊசி போட்டிருந்தனர் என்று பின்னோக்கிப் பார்த்த ஆய்வுகளே, இவ்வூசி அவர்களைக் காக்கிறது என்பதைப் பெரிதும் உறுதிப்படுத்தின. அதனால்தான் இன்றும் நம் நாட்டில் பிறந்த குழந்தைக்கு இவ்வூசி போடப்படுகிறது. அந்தப் பாதுகாப்பைச் சோதிப்பதற்காகக் குழந்தைகளுக்கு ஊசியை மறுத்துச் சீட்டுப் போட இனி எந்த மனச்சான்றும் இடங்கொடாது. சீட்டுப் போட முடியாத இடத்தில், தன் குறையை அறிந்து பணிவோடு பார்க்கும் கண்ணே நமக்குத் துணை.

இரண்டும் ஒரே ஆய்வில் அருகருகே நிற்பதையும் அண்மையில் கண்டோம். 2019 முதல் 2022 வரை ஜார்க்கண்டின் நான்கு மாவட்டங்களில், காசநோயாளிகளின் குடும்பத்தார் 10,345 பேரிடையே மருத்துவர்கள் அனுராக் பார்கவாவும் மாதவி பார்கவாவும் ஓர் ஆய்வை நடத்தினர். சென்னை நிறுவனமும் அதில் பங்கேற்றது. நோயாளிகள் அனைவருக்கும் உணவுப் பொருள் தரப்பட்டது. குடும்பத்தாருக்கும் தருவது எந்தப் பகுதிகளில் என்பதை மட்டும் சீட்டு தீர்மானித்தது. கூடுதல் உணவு பெற்ற குடும்பங்களில் புதிதாகக் காசநோய் தோன்றுவது நூற்றுக்கு 39 என்ற அளவில் குறைந்தது. இது சோதனையின் விடை. சிகிச்சையின் தொடக்கத்தில் எடை கூடிய நோயாளிகள் குறைவாகவே இறந்தனர் என்பதும் அங்கே காணப்பட்டது. இது உற்றுநோக்கலின் விடை. உணவு அவர்களைக் காத்திருக்கலாம், அல்லது நோய் தணிந்ததால் எடை கூடியிருக்கலாம்.

சென்னை ஆய்வு உணவைத் தேவையற்றதாக்கிவிட்டது என்று எண்ணியவர்களுக்கு இது ஒரு திருத்தம். நல்ல உணவின்றியும் மருந்து நோயை அடக்கும் என்பதே 1959-இன் விடை. பசித்த வீட்டில் நோய் எளிதாக நுழையும் என்பது 2023-இல் வெளியான விடை. கேட்ட கேள்விக்கு மட்டுமே சோதனை விடை கூறும். கேளாத கேள்விக்கும் சேர்த்து நாம் பொருள் கொள்ளலாகாது.

அந்தத் தாயிடம் இவ்வளவையும் நான் சொல்லவில்லை. அவருடைய பெரியப்பா பிழைத்ததும் உண்மை, பக்கத்து வீட்டுக்காரர் இறந்ததும் உண்மை என்று ஏற்றுக்கொண்டேன். பக்கத்து வீட்டுக்காரர் மருந்தை முழுமையாக உட்கொண்டாரா என்று கேட்டேன். சற்று எண்ணிப் பார்த்துவிட்டு, "ரெண்டு மாசத்துல நல்லாயிட்டேன்னு நிறுத்திட்டார் சாமி" என்றார். பிறகு அரசு மருத்துவமனைக்கு மூவரும் சேர்ந்தே போனோம். மகன் வீட்டிலேயே இருந்தான். எங்கள் அன்பியத்தார் மாதந்தோறும் அவ்வீட்டிற்குப் பருப்பும் முட்டையும் நிலக்கடலையும் கொண்டுபோய்க் கொடுத்தனர். நோயாளிக்கு மட்டுமல்ல, அனைவருக்கும். ஆறு மாதம் மருந்து முடிந்து, சளிப் பரிசோதனையில் கிருமி இல்லை என்று வந்தது.

ஒருவன் குணமானதை வைத்து எதையும் நிறுவ முடியாது என்பதை இக்கட்டுரையை எழுதிய நானே மறக்கலாகாது. எனினும் இந்த ஆண்டு கல்லறைத் திருநாளன்று, முன்பு பணியாற்றிய பங்கின் கல்லறைத் தோட்டத்திற்குச் சென்று, கல்லுடைத்த அந்த மனிதரின் சிலுவையருகே ஒரு மெழுகுதிரியை ஏற்றி வைத்தேன். அவருடைய மனைவி அங்கே வந்திருந்தார். நான் அன்று கேளாத அவருடைய சொல்லே சரியானது என்று, இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகு, அவரிடம் சொன்னேன்.